ஆயிரத்தெட்டு: ஒரு பருவத்து ஓட்டக் கணக்கின் வரலாறு

ஆயிரத்தெட்டு என்னும் எண் தமிழ்ப் பெருமக்களுக்குப் புதியதன்று. திருக்கோயில்களில் ஆயிரத்தெட்டுச் சங்குகளால் நீராட்டுவதும், ஆயிரத்தெட்டுத் திருநாமங்களால் அருச்சிப்பதும் நம் வழக்கம். ‘ஆயிரத்தெட்டு வேலை கிடக்கிறது’ என்று இல்லத்தரசியர் அலுத்துக்கொள்வதும் நம் வழக்கமே. நாம் வாழும் இம்மாநகரின் ஆடுகளத்திலும் அந்த எண்ணுக்கு ஒரு வரலாறு உண்டு. இந்தியக் கிரிக்கெட்டில் நாற்பத்து நான்கு ஆண்டுக் காலம் எவரும் தாண்டாத வேலியாக அது நின்றது. அவ்வேலியை நாட்டியவர் பம்பாய் அணியின் பார்ஸி இளைஞர் ஒருவர். தாண்டியவர் தமிழ்நாட்டு அணியின் வீரர் ஒருவர். அதற்கும் அப்பால் நெடுந்தொலைவு சென்றவர்களுள் ஒருவர், நம் செம்பூரில் பிறந்து மாட்டுங்காவில் பயின்ற இளைஞர்.

விளையாட்டைப் பற்றிய கட்டுரைக்குச் சங்கத்தின் ஆண்டு மலரில் இடம் ஏன் என்று சிலர் வினவக்கூடும். குளிர்காலம் பிறந்து ரஞ்சிக் கோப்பைப் பந்தயங்கள் தொடங்கினால், நம் காலனி வீடுகளில் எழும் வழக்கு யாவரும் அறிந்ததே. மும்பையும் தமிழ்நாடும் மோதும்போது நாம் எப்பக்கம் நிற்பது? தாத்தா ஒரு பக்கம் நிற்பார்; பேரன் மறுபக்கம் நிற்பான். இது வெறும் விளையாட்டு வழக்கன்று. நாம் எவ்வூரார் என்னும் வினாவே வேறு உருவில் வந்து நிற்கிறது. அவ்வினாவுக்கு ஒரு பருவத்து ஓட்டக் கணக்குகளில் விடை தேடுவதே இக்கட்டுரையின் நோக்கம்.

ருஸி மோடியின் ஐந்து ஆட்டங்கள்

ரஞ்சிக் கோப்பையின் முதல் ஆட்டம் 1934 நவம்பர் 4ஆம் நாள் சென்னைச் சேப்பாக்கத்தில் நிகழ்ந்தது. சென்னையும் மைசூரும் மோதிய அவ்வாட்டம் ஒரே நாளில் முடிந்துவிட்டது. சென்னை இன்னிங்ஸ் வெற்றி பெற்றது. அன்று பதினொரு விக்கெட்டுகளை வீழ்த்தியவர் ஏ.ஜி. ராம் சிங். இப்பெயரை நினைவில் நிறுத்துக; பின்னர் மீண்டும் வரும்.

அந்நாளில் இப்பந்தயம் நாக் அவுட் முறையில் நடைபெற்றது. தோற்ற அணி வீடு திரும்ப வேண்டியதே. அதன் மட்டை வீரர் எத்துணைத் திறமுடையவராயினும் அவருடைய பருவம் அன்றோடு முடிந்தது. ஆகவே ஒருவர் மிகுதியாக ஓட்டம் குவிக்க வேண்டுமாயின், அவர் அணியும் தொடர்ந்து வென்றாக வேண்டும்.

1944-45ஆம் ஆண்டுப் பருவத்தில் பம்பாய் அணி ஐந்து ஆட்டங்கள் ஆடிற்று. சூரத்தில் 1924ஆம் ஆண்டு பிறந்த ருஸி மோடிக்கு அப்போது இருபது வயது. ஏழு இன்னிங்ஸில் அவர் எடுத்த ஓட்டங்கள் வருமாறு: 160, 210, ஆட்டமிழக்காமல் 245, ஆட்டமிழக்காமல் 31, பின்னர் 113, 98, 151. கூட்டிப் பார்த்தால் சரியாக 1008. ரஞ்சிப் பருவம் ஒன்றில் ஆயிரத்தைக் கடந்த முதல் வீரர் அவரே. அவருடைய சராசரி 201.60. ஐந்தே ஆட்டங்களில் ஆயிரம் என்பது இன்று எண்ணினும் வியப்புக்குரியது.

இறுதி ஆட்டம் ஹோல்கர் அணிக்கு எதிராகப் பிரபோர்ன் மைதானத்தில் நிகழ்ந்தது. மோடியின் 98, 151 என்னும் இரண்டும் அங்கு எடுக்கப்பட்டவையே. ஆயினும் அவ்வாட்டம் அவர் ஒருவரின் ஆட்டமன்று. பம்பாய் 462, 764; ஹோல்கர் 360, 492; ஆக மொத்தம் 2078 ஓட்டங்கள். விஜய் மெர்ச்சண்ட் 278 எடுத்தார். போர்க்காலப் பணி காரணமாக இந்தியாவில் தங்கியிருந்த ஆங்கில வீரர் டெனிஸ் காம்ப்டன் ஹோல்கர் அணிக்காக ஆடி, ஆட்டமிழக்காமல் 249 எடுத்தார். ஹோல்கரின் சி.எஸ். நாயுடு அவ்வொரே ஆட்டத்தில் 917 பந்துகள் வீசினார். மோடியின் கணக்கு நிறைவுற்ற களத்தில் இத்தனை பேரின் உழைப்பும் கலந்திருந்தது. முடிவில் பம்பாய் 374 ஓட்டங்களால் வென்றது.

பின்னர் மோடி இந்தியாவுக்காகப் பத்து டெஸ்டுகள் ஆடினார். 1948-49இல் மேற்கிந்தியத் தீவு அணிக்கு எதிராக ஒரே தொடரில் 560 ஓட்டங்கள் எடுத்தார். 1996ஆம் ஆண்டு மே மாதம் மும்பையில் அவர் மறைந்தபோது, அவருடைய ஆயிரத்தெட்டு தாண்டப்பட்டுச் சில ஆண்டுகள் ஆகியிருந்தன.

கடல் கடந்த ஆயிரத்தெட்டு

இங்குச் சற்று நின்று அமெரிக்க நாட்டை நோக்குவோம். நம் காலனிப் பிள்ளைகளுட் பலர் இன்று அங்கு வாழ்கின்றனர். அவர்கள் தொலைபேசியில் வியந்து பேசும் அமெரிக்கக் கால்பந்தாட்டத்திலும் இதே கணக்கு உண்டு. பெயர்தான் கால்பந்து, பெரும்பாலும் பந்தைக் கையில் ஏந்தியே ஆடுகின்றனர். பந்தை அணைத்துக்கொண்டு, எதிரணியார் தடுத்து வீழ்த்துமுன் எத்தனை கெஜம் முன்னேறி ஓடுகிறார் என்பதே அங்கு ஓட்டக்காரரின் அளவுகோல். நமக்குச் சதமும் ஆயிரமும் போல, அவர்களுக்கு ஒரு பருவத்தில் ஆயிரம் கெஜம்.

அந்த ஆயிரத்தை முதன்முதல் கடந்தவர் சிகாகோ அணியின் பீட்டி ஃபெதர்ஸ். அவர் 1004 கெஜம் ஓடிய ஆண்டு 1934. ரஞ்சிக் கோப்பை பிறந்த அதே ஆண்டு! 1947இல் அவரைக் கடந்தவர் பிலடெல்பியா அணியின் ஸ்டீவ் வான் ப்யூரன். அவர் ஓடிய தொலைவு எவ்வளவு என்று எண்ணுகிறீர்கள்? 1008 கெஜம்! மோடியின் ஓட்டமும் வான் ப்யூரனின் கெஜமும் ஒரே எண்ணில் வந்து நின்றதைத் தற்செயல் என்றுதான் கூறவேண்டும். எனினும் இனிய தற்செயல்.

அதன்பின் கணக்கு விரைந்து வளர்ந்தது. 1963இல் ஜிம் பிரௌன் 1863; 1973இல் ஓ.ஜே. சிம்ப்ஸன் 2003, 1984இல் எரிக் டிக்கர்ஸன் 2105. கால்கள் விரைவு பெற்றதால் மட்டும் வந்த வளர்ச்சி அன்று இது. வான் ப்யூரன் காலத்தில் ஒரு பருவத்துக்குப் பன்னிரண்டு ஆட்டங்கள், பிரௌனுக்கும் சிம்ப்ஸனுக்கும் பதினான்கு, டிக்கர்ஸனுக்குப் பதினாறு, 2021 முதல் பதினேழு. ஆட்டத்துக்கு எத்துணை என்று வகுத்துப் பார்த்தால் சிம்ப்ஸன் 143 கெஜம். டிக்கர்ஸன் ஏறத்தாழ 132. மொத்தத்தில் ஒருவர் முன் நிற்கிறார். சராசரியில் மற்றவர் முன் நிற்கிறார். எண்ணை மட்டும் நோக்குவோர் இதனைக் காணார்.

வேறொன்றும் உண்டு. ஓட்டக்காரருக்கு முன்னே, எதிரணியாரைத் தோளால் தடுத்து வழி திறந்துவிடும் ஐவர் உளர். அவர்கள் பந்தைத் தொடுவதே அரிது. அவர்கள் பெயரைப் பார்வையாளர் அறிவதும் அரிது. 1973 டிசம்பரில் நியூயார்க் நகரில் இரண்டாயிரத்தைக் கடந்த அன்று, பத்திரிகையாளர் முன் வந்த சிம்ப்ஸன் தனித்து வரவில்லை; தமக்கு வழி திறந்த தோழர்களையும் அழைத்து வந்து அறிமுகம் செய்துவைத்தார். 2024இல் அதே பிலடெல்பியா அணியின் சேக்வான் பார்க்லி பதினாறு ஆட்டங்களில் 2005 கெஜம் ஓடினார். டிக்கர்ஸனைக் கடக்க இன்னும் 101 கெஜமே வேண்டும். ஓர் ஆட்டம் எஞ்சியிருந்தது. ஆயினும் கோப்பைப் போட்டிகள் காத்திருந்தமையால் அணியார் அவருக்கு ஓய்வளித்தனர். தனி எண் நின்றது. 2025 பிப்ரவரியில் அணி வாகை சூடியது.

நாற்பத்து நான்கு ஆண்டுகளுக்குப் பின்

நிற்க. மோடியின் 1008 தாண்டப்பட்ட கதைக்கு மீள்வோம். 1957-58 முதல் ரஞ்சிப் பந்தயம் மண்டல வாரியாகச் சுற்று முறைக்கு மாறிற்று. முதல் தோல்வியோடு வீடு திரும்பும் நிலை நீங்கிற்று. எல்லார்க்கும் சில ஆட்டங்கள் உறுதியாயின. ஆயினும் பல்லாண்டுகள் அந்த எண் அசையவில்லை.

1987-88இல் தமிழ்நாடு, சேப்பாக்கத்தில் ரயில்வே அணியை வென்று கோப்பையைக் கைக்கொண்டது; 1954-55க்குப் பின் கிட்டிய இரண்டாம் வெற்றி அது. அடுத்த பருவத்தில், சென்னையின் இடக்கை ஆட்டக்காரர் டபிள்யூ.வி. ராமன் 1018 ஓட்டங்கள் குவித்தார். மோடியின் வேலியைப் பத்து ஓட்டங்களால் தாண்டினார். அப்பருவத்தில் மூன்று முறை இருநூறைக் கடந்தார். அவற்றுள் ஒன்று, கோவா அணிக்கு எதிராகப் பாநஜியில் எடுத்த 313.

அந்தப் பாநஜி ஆட்டத்தைப் பற்றிச் சற்று விரித்துரைக்க வேண்டும். தமிழ்நாடு ஆறு விக்கெட் இழப்புக்கு 912 எடுத்தது. ராமன் 313 எடுக்க, மறுமுனையில் மற்றோர் இளைஞர் ஆட்டமிழக்காமல் 302 எடுத்தார். ஒரே இன்னிங்ஸில் இருவர் முந்நூறு கடந்தது முதல்தரக் கிரிக்கெட் வரலாற்றில் அதுவே முதன்முறை. அவ்விளைஞர் அர்ஜன் கிருபால் சிங். 1934இல் சேப்பாக்கத்தில் பதினொரு விக்கெட் வீழ்த்திய அதே ராம் சிங்கின் பேரர்.

இக்குடும்பத்தின் கதை நம்மனோர்க்குப் பெரிதும் உரியது. ராம் சிங் அமிர்தசரசில் பிறந்தவர்; சென்னைக்கு வந்து அங்கே வேரூன்றிய சீக்கியர். அவர் சென்னைக்காக ஆடினார். அவருடைய மைந்தர் கிருபால் சிங்கும் மில்கா சிங்கும் சென்னைக்காகவும் இந்தியாவுக்காகவும் ஆடினர். கிருபால் சிங் தம் முதல் டெஸ்டிலேயே, 1955இல் ஹைதராபாத்தில், நியூஸிலாந்துக்கு எதிராகச் சதம் அடித்தார். மூன்றாம் தலைமுறையில் பேரர் முந்நூறு எடுத்தார். தலைப்பாகை அணிந்த அக்குடும்பத்தாரைச் சேப்பாக்கத்து மக்கள் எந்நாளேனும் வேற்றூரார் என்று எண்ணியதுண்டோ? பஞ்சாபில் பிறந்தவரின் பேரர் தமிழ்நாட்டுக்காக ஆடுவது இயல்பெனில், தமிழரின் பேரர் மும்பைக்காக ஆடுவதும் இயல்பே அன்றோ?

இரண்டாயிரமாம் ஆண்டின் ஏப்ரல்

ராமனின் எண் மோடியின் எண்ணைப்போல் நெடுநாள் நிற்கவில்லை. ஆட்டங்கள் பெருகின, ஓட்டங்களும் பெருகின. 1999-2000 பருவத்தில் ஹைதராபாத்தின் வி.வி.எஸ். லட்சுமணன் ஒன்பது ஆட்டங்களில் எட்டுச் சதங்களுடன் 1415 ஓட்டங்கள் எடுத்தார், சராசரி 108.84. 2024-25 பருவம் முடிய அதனை எவரும் கடந்திலர். அப்போது அவர் இந்திய அணியில் நிலைத்த இடம் பெறாதவர். மறு ஆண்டு கல்கத்தாவில் ஆஸ்திரேலியருக்கு எதிராக அவர் எடுத்த 281ஐ உலகமே பாராட்டிற்று. அந்த 281க்கு உரம் இட்டது முந்திய ஆண்டின் 1415 என்று கருதுவது தவறாகாது.

அப்பருவத்தின் அரையிறுதி ஆட்டத்தில், பெங்களூரில் கர்நாடகத்துக்கு எதிராக லட்சுமணன் 353 எடுத்தார். மற்றோர் அரையிறுதி நம் மும்பை வாங்கடே மைதானத்தில் தமிழ்நாட்டுக்கும் மும்பைக்கும் நடந்தது. தமிழ்நாடு 485 எடுத்தது. மும்பை விக்கெட்டுகளை இழந்து தடுமாறியபோதும் டெண்டுல்கர் ஆட்டமிழக்காமல் 233 எடுத்து, ஐந்தே ஓட்டங்கள் மிகையாக 490ஐ எட்டச் செய்தார். அன்று நம் வீடுகளில் இரு வேறு உணர்ச்சிகள் ஒரே கூடத்தில் அமர்ந்திருந்தன என்பதை மூத்தோர் அறிவர்.

செம்பூரின் இளைஞர்

2015-16 பருவத்தில் மும்பை அணிக்காக ஷ்ரேயஸ் ஐயர் பதினொரு ஆட்டங்களில் 1321 ஓட்டங்கள் குவித்தார். நான்கு சதங்கள், ஏழு அரைச் சதங்கள், சராசரி 73.38. புனேயில் சௌராஷ்டிரத்துக்கு எதிரான இறுதி ஆட்டத்தில் 117 எடுத்தார். மும்பை நாற்பத்தோராம் முறை கோப்பையை வென்றது. லட்சுமணனின் எண்ணுக்கும் அவருக்கும் இடைவெளி 94 ஓட்டங்களே.

இவர் 1994 டிசம்பர் 6ஆம் நாள் செம்பூரில் பிறந்தவர். தந்தையார் வழியில் தமிழர், தாயார் துளுவர், முன்னோர் திருச்சூரினர். மாட்டுங்காவின் டான் பாஸ்கோ பள்ளியிலும் போதார் கல்லூரியிலும் பயின்றார். சிவாஜி பார்க் ஜிம்கானாவில் பிரவீண் ஆம்ரேயிடம் பயிற்சி பெற்றார். செம்பூர், மாட்டுங்கா, சிவாஜி பார்க் என்னும் இம்மூன்றும் நம் பிள்ளைகள் நாள்தோறும் பேருந்திலும் மின்சார ரயிலிலும் கடந்து செல்லும் இடங்களே. மாட்டுங்காவின் தாட்கர் மைதானம் கவாஸ்கரும் வெங்சர்க்காரும் ஆடிய தாதர் யூனியன் சங்கத்தின் களம். மழைக்காலத்தில், ஈரத் தரையில் பந்து எப்படித் திரும்பும் என்று தெரியாத நிலையில் ஆடப்படும் காங்கா லீக் பந்தயம் 1948 முதல் இந்நகரத்து இளைஞர்களைச் செதுக்கி வருகிறது. 1321 என்னும் எண் இக்களங்களின் விளைச்சல் ஆகும்.

எண்ணை எடைபோடுதல்

இனி இவ்வெண்களை எவ்வாறு எடைபோடுவது? ஆட்டத்துக்கு வகுத்தால் மோடிக்கு 201; லட்சுமணனுக்கு 157; ஷ்ரேயஸ் ஐயருக்கு 120. இவ்வளவில் முடிவு கூறுவதும் முறையன்று. மோடியின் நாளில் ஆடிய அணிகள் சில. இன்றோ முப்பதுக்கு மேல்.

எதிரணியின் வலிமையையும் எண்ண வேண்டும். 2018-19இல் மிலிந்த் குமார் சிக்கிம் அணிக்காக எட்டு ஆட்டங்களில் 1331 எடுத்தார். ஐயரினும் பத்து மிகுதி. ஆனால் சிக்கிம் அவ்வாண்டுதான் ரஞ்சியில் புகுந்தது. அது மோதிய அணிகளும் பெரும்பாலும் புதியன. அதே மிலிந்த் குமார் பின்னர் அமெரிக்காவில் குடியேறி, 2024 உலகக் கோப்பையில் அந்நாட்டுக்கே ஆடினார் என்பதும் அறியத்தக்கது. 1989இல் இரு முந்நூறுகளை வாங்கிக் கட்டிக்கொண்ட கோவாவும், 2024இல் அருணாசலப் பிரதேசத்துக்கு எதிராக ஒரே இன்னிங்ஸில் இரு முந்நூறுகளை எடுத்துத் தன் கணக்கை நேர் செய்துகொண்டது. மும்பையின் வாசிம் ஜாஃபரோ 2008-09இல் மும்பைக்காக 1260உம், பத்தாண்டுக்குப் பின் நாற்பது வயதில் விதர்பாவுக்காக 1037உம் எடுத்து, இரு பருவங்களில் ஆயிரம் கடந்த முதல்வரானார். எதை மிக்கது என்பது? ஒவ்வொன்றுக்கும் அதனதன் பெருமை உண்டு. ஆட்டங்கள் எத்தனை, எதிரணி எது, துணை நின்றவர் யார் என்னும் மூன்றையும் கேட்ட பின்னரே எண்ணைப் போற்றுதல் வேண்டும்.

நம் பிள்ளைகளின் தேர்வு மதிப்பெண்ணுக்கும் இது பொருந்தும். அடுத்த வீட்டுப் பிள்ளையின் எண்ணை மட்டும் காட்டி நம் பிள்ளையைக் கடிந்துகொள்ளும் பெற்றோர், அவ்வெண்ணுக்குப் பின்னால் உள்ள களத்தையும் துணையையும் எண்ணிப் பார்ப்பாராக.

எப்பக்கம் நிற்பது?

இறுதியாக, தொடக்கத்தில் எழுப்பிய வினாவுக்கு வருவோம். மும்பையும் தமிழ்நாடும் மோதிய ஆட்டங்கள் பல. 1972-73 இறுதி ஆட்டத்தில், சேப்பாக்கத்திலேயே, பத்மாகர் சிவால்கர் 16 ஓட்டங்களுக்கு எட்டு விக்கெட்டும் 18 ஓட்டங்களுக்கு ஐந்து விக்கெட்டும் சாய்த்தார். தமிழ்நாடு 80க்கும் 61க்கும் சுருண்டது. பம்பாய் தொடர்ந்து பதினைந்தாம் முறை வாகை சூடியது. 2024 மார்ச்சில் அரையிறுதி ஆட்டம் பாந்திரா-குர்லா வளாகத்தில் நிகழ்ந்தது. தாராவியிலிருந்து மித்தி ஆற்றைக் கடந்தால் அவ்விடம். தமிழ்நாட்டின் சாய் கிஷோர் ஆறு விக்கெட் வீழ்த்தினார்; ஆயினும் மும்பை இன்னிங்ஸ் வெற்றி பெற்றது. மும்பை அணியில் செம்பூரின் ஐயர் ஆடினார். தமிழ்ப் பெயர் இரு பக்கத்திலும் இருந்தது.

ஆதலின், தாத்தா தமிழ்நாட்டுக்காகக் கை தட்டுவதும் பேரன் மும்பைக்காகக் கை தட்டுவதும் முரண் ஆகா. ராம் சிங் குடும்பத்தார்க்குச் சென்னை எவ்வாறு ஊராயிற்றோ, அவ்வாறே நமக்கு மும்பை ஊராயிற்று. உழைத்துப் பெற்ற ஊர் இது. வீட்டில் தமிழ் பேசி, மைதானத்தில் மராத்தியில் ‘பந்தை எறி’ என்று கூவும் பிள்ளை தன் மொழியை இழந்தவன் அல்லன். தனக்கு இன்னோர் ஊரையும் சேர்த்துக்கொண்டவன்.

ஆனால் ஒரு குறை உண்டு. செம்பூர்ப் பிள்ளைக்கும் மாட்டுங்காப் பிள்ளைக்கும் கிட்டும் மைதானம் தாராவிப் பிள்ளைக்கு எளிதில் கிட்டுவதில்லை. சந்தில், சுவரில் கோடிட்ட ஸ்டம்புக்கு முன்னே, ரப்பர்ப் பந்தில் ஆடும் சிறுவர் எத்தனையோ பேர் அங்கு உளர். அமெரிக்க ஓட்டக்காரருக்கு வழி திறந்த ஐவரைப் போல, அச்சிறுவர்க்கு வழி திறந்துவிடுவோர் வேண்டும். ஒரு மட்டை, ஒரு சோடிக் காலணி, ஞாயிறு காலையில் மைதானம் வரை கைபிடித்து அழைத்துச் செல்ல ஒரு பெரியவர். இவ்வளவே தொடக்கத்துக்குப் போதும். பந்தைத் தொடாதவர்களாகிய நாம் செய்யத்தக்க பணி இது. இன்னும் தாண்டப்படாத 1415 காத்திருக்கிறது. அதனைத் தாண்டும் கால்கள் தாராவிச் சந்தொன்றில் இன்று ஓடிக்கொண்டிருக்கலாம்.